எட்டு நாள் ஆற்றுப் பயணம்... ஃப்ரிட்ஜ் கதவில் ஒரு தாள்!

ஜனவரி மாதம். அமெரிக்காவின் அலாஸ்கா மாநிலத்தில் உள்ள ஆங்கரேஜ் நகரம். மாலை நாலரை மணிக்கெல்லாம் வெளியே இருட்டிவிட்டது. ஜன்னல் விளிம்பு வரை பனி. சமையலறை மேஜையில் சாப்பிட்ட தட்டுகளை ஓரமாகத் தள்ளிவிட்டு, பெரிய வரைபடம் ஒன்றை விரித்து வைத்திருந்தார் அவர். வயது 63. ஓய்வுபெற்ற எலெக்ட்ரீஷியன். எதிரே அவருடைய தம்பி. பக்கத்தில் 27 வயது மகள்.

மூன்று பேரின் விரல்களும் ஒரே நீலக் கோட்டின் மீது நகர்ந்துகொண்டிருந்தன. கனெக்டாக் ஆறு.

பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த மனைவி, திரும்பிப் பார்க்காமலேயே கேட்டார். "அங்க உனக்கு நெஞ்சு வலிச்சா, பக்கத்துல ஆஸ்பத்திரி எங்க இருக்கு?"

யாரும் பதில் சொல்லவில்லை. இரண்டு வருடங்களுக்கு முன்புதான் அவருடைய இதய ரத்தக்குழாயில் ஸ்டென்ட் வைத்திருந்தார்கள்.

அந்தக் கேள்விக்கு நேர்மையான பதில் தேடியதுதான் அடுத்த ஏழு மாதங்கள் அந்த வீட்டில் நடந்த வேலை. பயணம் என்னவோ எட்டே நாள்தான்.

சாலையே இல்லாத ஆறு

கனெக்டாக் ஆறு அலாஸ்காவின் தென்மேற்கு மூலையில் இருக்கிறது. அக்லூன் மலைகளுக்கு நடுவே ககாட்டி ஏரியில் புறப்பட்டு, நூறு கிலோமீட்டருக்கு மேல் வளைந்து நெளிந்து ஓடி, குவின்ஹாகாக் என்ற யூப்பிக் பழங்குடி மக்களின் கிராமத்துக்கு அருகே கஸ்கோக்விம் விரிகுடாவில் கலக்கிறது. ஆற்றின் பெரும்பகுதி டோகியாக் தேசிய வனவிலங்குப் புகலிடத்துக்குள் ஓடுகிறது. மேல்பகுதி, 1980-ல் சட்டப்படி மனிதத் தலையீடு இல்லாத வனப்பகுதியாக அறிவிக்கப்பட்டது.

அந்த ஏரிக்குச் சாலை கிடையாது. ஆங்கரேஜிலிருந்து டில்லிங்ஹாம் என்ற சிற்றூருக்கு விமானத்தில் போக வேண்டும். அந்த ஊருக்கும் வெளியிலிருந்து சாலை இல்லை. அங்கிருந்து தண்ணீரில் இறங்கும் சின்ன மிதவை விமானம். அது ஏரியில் இறக்கிவிட்டுத் திரும்பிப் போய்விடும். அதன்பிறகு வீடு திரும்ப ஒரே வழி, காற்றடைத்த ரப்பர் படகில் துடுப்புப் போட்டுக் கீழே இருக்கும் கிராமத்துக்கு வந்து சேர்வதுதான். அந்தக் கிராமத்தின் சின்ன ஓடுதளத்திலிருந்து பெத்தேல் என்ற ஊர், அங்கிருந்து ஆங்கரேஜ்.

மருத்துவமனை டில்லிங்ஹாமில் ஒன்று, பெத்தேலில் ஒன்று. இரண்டுக்குமே ஆற்றங்கரையிலிருந்து வானத்தில்தான் போக முடியும். வானிலை சரியில்லை என்றால் அதுவும் இல்லை.

மனைவியின் கேள்விக்கு இதுதான் பதில். அடுத்த நாள் காலை காபி குடிக்கும்போது அவர் அதை மறைக்காமல் சொன்னார். மனைவி கேட்டுக்கொண்டார். "சரி... அப்ப அதை வெச்சே பிளான் பண்ணு" என்றார். போகாதே என்று அவர் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் சண்டை போட்டுவிட்டு மறந்திருக்கலாம். இது சண்டையைவிடப் பெரிய வேலையாக இருந்தது.

எந்த மீன், எந்த மாதம்?

கிராமத்துக் குளக்கரையில் மண்புழு கோத்துத் தூண்டில் போடுபவர்களைப் பார்த்திருப்பீர்கள். ஃப்ளை ஃபிஷிங் வேறு மாதிரி. தூண்டில் முள்ளில் இறகு, மான் முடி, நூல் எல்லாம் வைத்துக் கட்டி பூச்சி போலவோ, மீன் முட்டை போலவோ, சுண்டெலி போலவோ செய்வார்கள். இதற்கு எடையே இருக்காது. அதனால் கனமான கயிறு போன்ற நரம்பைத் தலைக்கு மேல் முன்னும் பின்னும் வீசி, அந்த நரம்பின் எடையில்தான் பொய்ப்பூச்சியைத் தண்ணீரில் கொண்டுபோய் வைக்க வேண்டும்.

மீன் எந்தச் சமயத்தில் எதைத் தின்கிறது என்று தெரிந்தால்தான் எதைக் கட்டுவது என்று தெரியும். அதனால் தேதி குறிப்பதுதான் முதல் வேலை.

ஜூன் மாதம் போனால் ரெயின்போ ட்ரவுட் மீன்கள் நீந்திக் கடக்கும் எலியைக்கூடப் பாய்ந்து பிடிக்கும். கொசுவும் அப்போது மேகம்போல் இருக்கும். ஜூலையில் கடலிலிருந்து சால்மன்கள் கூட்டம் கூட்டமாக ஆற்றில் ஏறும். ஆகஸ்ட்டில் அவை முட்டையிட்டு இறக்கும். பசிபிக் சால்மனின் வாழ்க்கை அப்படி, முட்டையிட்டதும் முடிந்துவிடும். சிதறிய முட்டைகளையும் கரையும் சதையையும் தின்ன ட்ரவுட்டும், டாலி வார்டன் என்ற மீனும் பின்னாலேயே வரும். அதே ஆகஸ்ட்டில் கீழ்ப்பகுதியில் கோஹோ சால்மன் புதிதாகக் கடலிலிருந்து உள்ளே நுழையும்.

மேலே ட்ரவுட், கீழே கோஹோ. மீனுக்கு ஆகஸ்ட்தான் சரி என்றார் தம்பி. ஆனால், சால்மனைத் தேடிப் பழுப்புக் கரடிகளும் அப்போதுதான் ஆற்றங்கரைக்கு வரும். மழையும் காற்றும் அதிகம். மழை என்றால் மேகம். மேகம் என்றால் விமானம் பறக்காது.

ஏரியில் இறங்கும் நாள் ஆகஸ்ட் 9. கிராமத்தை அடையும் நாள் ஆகஸ்ட் 16. அதன்பிறகு இரண்டு நாள் எதுவும் எழுதாமல் காலியாக விட்டார்கள். அந்த இரண்டு நாளுக்கும் சாப்பாடு உண்டு, மருந்து உண்டு. ஊர் திரும்பும் டிக்கெட்டும் ஆகஸ்ட் 18-க்குப் பிறகுதான். "இந்த ரெண்டு நாள் வேஸ்ட்டுதானே?" என்று தம்பி கேட்டார். "அவசரப்பட வேண்டியதில்லைன்னு காசு குடுத்து வாங்கற ரெண்டு நாள் அது" என்றார் மகள்.

குளியலறை எடை மெஷின் சொன்ன தீர்ப்பு

மிதவை விமானம் என்றால் அலாஸ்காவில் பெரும்பாலும் பீவர். கனடாவின் டி ஹாவிலண்ட் நிறுவனம் 1947 முதல் 1967 வரை தயாரித்த விமானம் அது. இன்றும் பறக்கிறது. ஆட்களும் சாமான்களும் சேர்ந்து ஏறத்தாழ 500 கிலோதான் ஏற்ற முடியும். எரிபொருளையும் தூரத்தையும் பொறுத்து அதுவும் குறையும்.

மூன்று பேரின் எடையைக் கழித்தார்கள். படகு, இரும்புச் சட்டம், துடுப்புகள், அவற்றில் ஒன்று உடைந்தால் மாற்றுத் துடுப்பு, காற்றடிக்கும் பம்ப் இரண்டு, கிழிந்தால் ஒட்டும் பசை, கூடாரங்கள், பத்து நாள் உணவு... குளியலறையில் இருந்த எடை மெஷின் சமையலறைக்கு வந்தது. ஒவ்வொன்றாக ஏற்றி இறக்கினார்கள். மகள் நோட்டில் எழுதினார்.

தகராறு ஒரு வாணலியில் வந்தது. அப்பாவுடைய அப்பா காலத்து இரும்பு வாணலி. மூன்று கிலோ. எந்த ஆற்றுக்குப் போனாலும் அதில்தான் மீன் வறுப்பார்.

"அலுமினியம் எடுத்துக்கலாம்பா. முக்கால் கிலோதான்."

"அதுல மீன் ஒட்டும்."

"அந்த எடைக்கு இன்னொரு செட் கம்பளி ட்ரெஸ் வெச்சுக்கலாம். உங்களுக்கு."

அவர் வாணலியைத் துடைத்து அலமாரியில் திருப்பி வைத்தார். அன்று இரவு முழுக்க யாரிடமும் பேசவில்லை.

விமான கம்பெனி கேட்கும் எடை மட்டுமல்ல, அது ஏற்ற மறுக்கும் சாமான்களும் திட்டத்தில் உண்டு. கரடியை விரட்டும் மிளகாய் ஸ்ப்ரேயையும், அடுப்புக்கான எரிபொருளையும் பயணிகள் விமானத்தில் கொண்டுபோக முடியாது. டில்லிங்ஹாமில் இறங்கிய பிறகுதான் வாங்க வேண்டும். அங்கே கடையில் இருக்கிறதா என்று ஜூலையிலேயே போன் செய்து எடுத்துவைக்கச் சொன்னார்கள். வழுக்காமல் இருக்கக் கம்பளி அடிப்பாகம் வைத்த பழைய பூட்ஸும் கூடாது. ஒரு நீர்நிலையின் கிருமியை இன்னொன்றுக்குச் சுமந்துபோகும் என்பதால் அலாஸ்கா 2012-ல் அதைத் தடை செய்தது. ரப்பர் அடிப்பாகம் வைத்த பூட்ஸ் வாங்கினார்கள்.

ஒரு நிமிடம், பத்து நிமிடம், ஒரு மணி நேரம்

கரடிதான் பெரிய ஆபத்து என்று வெளியில் இருப்பவர்கள் நினைப்பார்கள். ஆற்றில் போகிறவர்கள் முதலில் பயப்படுவது தண்ணீருக்கு.

கனடாவின் மானிடோபா பல்கலைக்கழகப் பேராசிரியர் கார்டன் கீஸ்பிரெக்ட், குளிர்ந்த நீரில் உடல் எப்படி நடந்துகொள்கிறது என்று ஆராய்ந்தவர். அவர் பிரபலப்படுத்திய எளிய கணக்கு 1-10-1. குளிர்நீரில் விழுந்தால் மூச்சுத் திணறலை அடக்கிக்கொள்ள ஒரு நிமிடம். கை கால்கள் சொன்னபடி கேட்க ஏறக்குறைய பத்து நிமிடம். நினைவு தப்புவதற்கு முன் ஏறக்குறைய ஒரு மணி நேரம். அந்த முதல் நிமிடத்தில் தலை நீருக்கு மேலே இருக்க வேண்டும். அதற்குத்தான் லைஃப் ஜாக்கெட்.

இதயத்தில் ஸ்டென்ட் உள்ள ஒருவருக்கு அந்த முதல் நிமிடம் எப்படி இருக்கும்? மகள் அந்தப் பக்கத்தைப் படித்துக் காட்டியபோது அப்பா ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அவரே ஒரு விதி சொன்னார்: "படகுல ஏறினதுலேர்ந்து இறங்கற வரைக்கும் ஜாக்கெட்டைக் கழட்ட மாட்டேன். வெயிலடிச்சாலும்." மகள் அதையும் நோட்டில் எழுதிக்கொண்டார்.

கனெக்டாக்கில் பெரிய அருவியோ, படகைக் கவிழ்க்கும் பாறைச் சரிவோ இல்லை. ஆனால், நடுப்பகுதியில் ஆறு பல கிளைகளாகப் பிரிந்து ஓடுகிறது. கரை அரிக்கப்பட்டு மரங்கள் தண்ணீரின் குறுக்கே சாய்ந்து கிடக்கும். தண்ணீர் கிளைகளுக்கு நடுவே புகுந்து போய்விடும். படகும் மனிதரும் போக முடியாது. போன வருடம் திறந்திருந்த கிளை இந்த வருடம் மரம் விழுந்து அடைத்திருக்கும். வரைபடம் உதவாது.

அதனால் இன்னும் சில விதிகள். வளைவுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்று தெரியவில்லை என்றால், படகைக் கரையில் கட்டிவிட்டு நடந்துபோய்ப் பார்க்க வேண்டும். மரத்தின் மேல் படகு மோதிவிட்டால் எல்லோரும் மரத்தின் பக்கமே சாய வேண்டும். பயத்தில் எதிர்ப்பக்கம் ஒதுங்கினால் தண்ணீர் படகுக்குள் ஏறிக் கவிழ்த்துவிடும். நெஞ்சு வரை வரும் நீர்புகா உடுப்பின் மேல் இடுப்பு பெல்ட்டை இறுக்கிக் கட்ட வேண்டும். பிரிந்து ஓடும் அந்தப் பகுதியில் யாரும் மீன் பிடிக்கக் கூடாது. ஒருவர் துடுப்பு, இரண்டு பேர் கண்.

மே மாதத்தில் ஊருக்கு அருகே இருந்த ஏரி ஒன்றில் மூன்று பேரும் இதைச் செய்து பார்த்தார்கள். படகைத் தாங்களே கவிழ்த்து, மறுபடி ஏறினார்கள். அப்பாவால் முதல் தடவை ஏற முடியவில்லை. இரண்டாவது தடவையும் முடியவில்லை. படகின் ஓரத்தில் காலை வைத்து ஏற ஒரு நாடா வளையம் கட்டிய பிறகு ஏறினார். அந்த வளையம் சாமான் பட்டியலில் சேர்ந்தது. எடை 200 கிராம்.

ஆறு யாருடையது?

கூடாரம் போடும் இடத்துக்கும் கணக்கு உண்டு. சமைப்பதும் சாப்பாடு வைப்பதும் கூடாரத்திலிருந்து சுமார் 90 மீட்டர் தள்ளி. உணவுப் பெட்டிகளைச் சுற்றி பேட்டரியில் ஓடும் மின்வேலி. எலெக்ட்ரீஷியன் அல்லவா, அதை மட்டும் வேறு யாரையும் தொட விடவில்லை.

ஆற்றின் கீழ்ப்பகுதியில் கரையோர நிலம் கிராமத்து மக்களின் நிறுவனத்துக்குச் சொந்தம். தண்ணீர் வழக்கமாக ஏறும் மட்டத்துக்குக் கீழே உள்ள கூழாங்கல் திட்டுகளில் மட்டும்தான் வெளியார் தங்கலாம். மழையில் ஆறு ஏறினால் அந்தத் திட்டும் முழுகும். அதனால் தினமும் இருட்டுவதற்கு முன், தண்ணீர் ஓரத்தில் ஒரு குச்சியை நட்டு வைப்பது என்று முடிவானது. குச்சியைத் தாண்டித் தண்ணீர் வந்தால் நடுராத்திரி என்றாலும் கூடாரத்தைக் கிளப்ப வேண்டும்.

குவின்ஹாகாக் மக்களுக்கு இந்த ஆற்றின் சால்மன் விளையாட்டல்ல, குளிர்காலச் சாப்பாடு. கோடையில் பிடித்து, கீறி, உலர்த்தி, புகை போட்டு வைப்பார்கள். அந்தப் பகுதியில் சால்மன்களில் பெரியதான கிங் சால்மனின் வரத்து குறைந்துவிட்டது. சீசன் நடுவிலேயே தடை உத்தரவு வரலாம். புறப்படும் நாள் வரை அரசின் மீன்வளத் துறை அறிவிப்பைப் பார்க்கும் வேலை தம்பியுடையது. சாப்பிட நாளுக்கு ஒரு கோஹோ, மற்றதெல்லாம் திரும்ப ஆற்றுக்கே என்று பேசிக்கொண்டார்கள்.

தூண்டில் முள்ளில் பின்னோக்கி இருக்கும் சின்ன கூர்முனையை எல்லா முள்ளிலும் இடுக்கியால் நசுக்கினார்கள். மீனை விடும்போது வாய் கிழியாது என்பது ஒரு காரணம். அப்பா ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை சாப்பிடுகிறார். அவர் கையில் குத்தினால் சுலபமாக எடுத்துவிடலாம் என்பது இன்னொரு காரணம். மாத்திரைகள் இரண்டு செட். ஒன்று அவரிடம். இன்னொன்று தண்ணீர் புகாத பையில் மகளிடம். ஒரு பை ஆற்றோடு போனாலும் இன்னொன்று இருக்கும்.

ஜூலையில் இதய டாக்டரைப் பார்த்தார்கள். நடக்கவைத்து, ஓடவைத்துச் சோதித்தார். போகலாம் என்றார். உதவி வரத் தாமதமாகும் என்பதை யோசித்து முடிவெடுங்கள் என்றும் சொன்னார்.

ஒரே ஒரு தாள்

எல்லாம் முடிந்தது என்று நினைத்தபோதுதான் மனைவி ஒரு வெள்ளைத் தாளை மேஜையில் வைத்தார்.

"இவ்வளவு நாள் நீங்க மூணு பேரும் உங்களுக்காக பிளான் பண்ணீங்க. வீட்டுல இருக்கற எனக்கு என்ன பிளான்?"

சாட்டிலைட் மெசேஞ்சர் எடுத்துப் போகிறோமே, தினமும் ராத்திரி ஒன்பது மணிக்குச் செய்தி வருமே என்றார் அவர்.

"வரலைன்னா?"

"பேட்டரி போயிருக்கும். மலை மறைச்சிருக்கும். பயப்படாத."

"ரெண்டாவது ராத்திரியும் வரலைன்னா?"

அவர் பதில் சொல்லவில்லை. மனைவி தொடர்ந்தார். "அன்னைக்கு ராத்திரி நான் தனியா உட்கார்ந்து யோசிக்கணும். போன் பண்ணினா, சும்மா பயந்து ஊரைக் கூட்டிட்டான்னு நீ கோபப்படுவ. பண்ணலைன்னா, வாழ்க்கை முழுக்க நான் என்னை மன்னிக்க மாட்டேன். அந்த முடிவை என் தலையில வெச்சுட்டுப் போகாத. இப்பவே, நீ எதிர்ல உட்கார்ந்திருக்கும்போதே எடுப்போம்."

அதுவரை கரடி, வெள்ளம், எடை என்று எல்லாவற்றுக்கும் விதி எழுதியிருந்தவருக்கு, காத்திருப்பவருக்கும் ஒரு விதி வேண்டும் என்பது தோன்றவே இல்லை.

தாளை நால்வரும் சேர்ந்து எழுதினார்கள். மூவரின் பெயர், வயது. மாத்திரைகளின் பெயர். படகின் நிறம் சாம்பல், கூடாரங்கள் ஆரஞ்சு. இறங்கும் ஏரி, சேரும் கிராமம், ஒவ்வொரு இரவும் தங்க நினைக்கும் இடம். மிதவை விமானக்காரரின் எண். அதன்கீழே: ஒரு இரவு செய்தி வரவில்லை என்றால் எதுவும் செய்ய வேண்டாம். இரண்டாவது இரவு பத்து மணிவரை வரவில்லை என்றால் விமானக்காரரை அழைக்க வேண்டும். அவருக்கும் தகவல் இல்லை என்றால், உடனே அலாஸ்கா மாநிலக் காவல்துறை. அங்கே தேடி மீட்கும் பொறுப்பு அவர்களுடையது. கடைசி வரியை அவர் தன் கையெழுத்தில் எழுதினார்: "தப்பாக அழைத்துவிட்டாலும் கோபப்பட மாட்டேன்."

கீழே எட்டு நாளுக்கு எட்டு கட்டங்கள். தேதிகளைப் பென்சிலால் எழுதினார் மனைவி. ஃப்ரிட்ஜ் கதவில் காந்தம் வைத்து ஒட்டினார்.

ஆகஸ்ட் 9

டில்லிங்ஹாமில் காலையிலிருந்தே மலைகளைக் காணவில்லை. மேகம் ஏரியின் மேலேயே இறங்கி உட்கார்ந்திருந்தது. பைலட் வந்து பார்த்தார். மலைக்கணவாய் மூடியிருக்கிறது, இன்று இல்லை என்றார்.

தம்பி முணுமுணுத்தார். பக்கத்தில் காத்திருந்த வேறொரு குழு, கொஞ்சம் முயன்று பார்க்கலாமே என்று பைலட்டிடம் பேசிக்கொண்டிருந்தது. அப்பா எதுவும் பேசவில்லை. போனை எடுத்துக்கொண்டு வெளியே போனார்.

"இன்னைக்குக் கிளம்பல."

மறுமுனையில் மூச்சு விடும் சத்தம் கேட்டது. "சரி. தேதியை மாத்திக்கறேன்" என்றார் மனைவி. ரப்பரால் 9-ஐ அழித்து 10 என்று எழுதினார். கீழே இருந்த ஏழு தேதிகளையும் ஒவ்வொன்றாக மாற்றினார். வேஸ்ட் என்று தம்பி சொன்ன இரண்டு நாளில் ஒரு நாள் அன்றே செலவாகிவிட்டது.

மறுநாள் மதியம் மேகம் விலகியது. பீவர் அவர்களை ககாட்டி ஏரியில் இறக்கிவிட்டு மலைக்கு மேல் ஏறி மறைந்தது. இன்ஜின் சத்தம் தேய்ந்து நின்றபிறகு, கரையில் சாமான்களுக்கு நடுவே மூன்று பேர் நின்றார்கள். அப்பா முதலில் லைஃப் ஜாக்கெட்டைப் போட்டுக்கொண்டார். பிறகுதான் படகுக்குக் காற்றடிக்க ஆரம்பித்தார்.

இரவு ஒன்பது மணி ஏழு நிமிடத்துக்கு ஆங்கரேஜ் வீட்டில் போன் அதிர்ந்தது. "மூவரும் நலம். கூடாரம் போட்டாச்சு. மாத்திரை போட்டாச்சு."

மனைவி எழுந்துபோய் முதல் கட்டத்தில் டிக் அடித்தார். கீழே இன்னும் ஏழு கட்டங்கள் இருந்தன.